வசியம், இசக்கி, யட்சி: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நான் கன்னியாகுமரி மாவட்டத்தில் தோவாளைப் பக்கம் பிறந்து, மார்த்தாண்டத்துக்கு மேற்கே வாழ்க்கைப்பட்டவள். ஊர் பயந்து கும்பிடுகிற பெண் தெய்வம் ஒருத்தி உண்டு: பிறந்த ஊரில் அவள் இசக்கி, புகுந்த ஊரில் யட்சி. அங்கே செய்வினை என்பார்கள், இங்கே கூடோத்திரம். அங்கே இடுமருந்து, இங்கே கைவிஷம். இரண்டு பக்கத்துக் கதைகளையும் கேட்டு எழுதி வைக்கிற பழக்கம் எனக்கு உண்டு. அதனால் கொடை என்கிற கோவில் திருவிழாக்களிலும் கல்யாண வீடுகளிலும் என்னைத் தனியே இழுத்துப்போய்க் கேள்வி கேட்பவர்கள் உண்டு. திரும்பத் திரும்ப வருகிற கேள்விகளை இங்கே எழுதியிருக்கிறேன். முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: நான் தகடு எழுதித் தருவதில்லை, மை போட்டுப் பார்ப்பதும் இல்லை.

வசியம் என்றால் சரியாக என்ன? மோகனம், ஆகர்ஷணம் என்றெல்லாம் சொல்கிறார்களே?

தமிழ் மாந்திரீகச் சுவடிகளில் எட்டுத் தொழில்கள் சொல்லப்படும்: வசியம், மோகனம், ஆகர்ஷணம், தம்பனம், பேதனம், வித்துவேஷணம், உச்சாடனம், மாரணம். வடமொழித் தந்திர நூல்களில் இது பெரும்பாலும் ஆறு. ஒருவரைத் தன் சொல்லுக்குக் கட்டுப்பட வைப்பது வசியம், மயக்குவது மோகனம், தூரத்தில் இருப்பவரை இழுத்து வருவது ஆகர்ஷணம். தம்பனம் அசையவிடாமல் நிறுத்துவது. மற்றவை பிரிப்பது, பகையாக்குவது, விரட்டுவது, கொல்வது.

இந்த வரிசையைக் கொஞ்சம் நின்று பாருங்கள். காதலுக்கு என்று நாம் நினைக்கிற வசியம், கொலைக்கான மாரணத்தோடு ஒரே பந்தியில் உட்கார்ந்திருக்கிறது. சுவடி எழுதினவர்கள் இதை அன்பின் கணக்கில் சேர்க்கவில்லை, அடுத்தவர் மேல் செலுத்தும் அதிகாரத்தின் கணக்கில் சேர்த்தார்கள். ராஜ வசியம், சத்துரு வசியம், ஜன வசியம் என்று வகை பிரித்திருப்பதே அதற்குச் சாட்சி. ராஜாவைக் காதலிக்க யாரும் ராஜ வசியம் தேடியதில்லை.

பழைய நூல்களில் நிஜமாகவே காதல் மந்திரங்கள் உண்டா, இல்லை பிற்காலத்துக் கட்டுக்கதையா?

உண்டு. அதர்வ வேதத்தில் ஒன்றல்ல, பல இருக்கின்றன. கொடி மரத்தைச் சுற்றிக்கொள்வதுபோல நீ என்னைச் சுற்றிக்கொள் என்று ஒன்று. காமனின் அம்பு உன் நெஞ்சில் தைக்கட்டும் என்று ஒன்று. இனிப்பான ஒரு செடியைத் தோண்டியெடுத்து, என் நாவின் நுனியிலும் அடியிலும் தேன் இருக்கட்டும் என்று வேண்டுகிற பாடலும் உண்டு. மார்த்தாண்டத்தில் தேன் விற்பவர்களிடம் இதைச் சொன்னால் அடுத்த வாரமே பாட்டிலில் லேபிள் ஒட்டிவிடுவார்கள். ரிக் வேதத்தின் பத்தாம் மண்டலத்தில் சக்களத்தியை விரட்டி, கணவனைத் தனக்கு மட்டும் ஆக்கிக்கொள்ள ஒரு மூலிகையை வேண்டுகிறாள் ஒருத்தி.

அர்த்தசாஸ்திரம் இதைக் குற்றவியல் விஷயமாகவே எடுத்துப் பேசுகிறது. விருப்பமில்லாத மனைவி மேல் கணவனும், கணவன் மேல் மனைவியும், மணக்க நினைக்கும் கன்னி மேல் வரனும் வசியம் செய்தால் குற்றமில்லை. மற்றபடி செய்து தீங்கு வந்தால் தண்டனை. எவ்வளவு பரவலாக நடந்திருந்தால் சட்டம் எழுதுகிறவர் இத்தனை நுணுக்கமாகப் பிரித்திருப்பார்!

ஆதிசங்கரர் பெயரில் வழங்கும் சௌந்தர்யலஹரியின் பதின்மூன்றாம் சுலோகம் இன்னொரு வேடிக்கை. வயதான, பார்க்கச் சகிக்காத, சரசமும் தெரியாத ஒரு ஆள்மேல் தேவியின் கடைக்கண் பார்வை விழுந்துவிட்டால், நூற்றுக்கணக்கான இளம்பெண்கள் ஆடை நழுவ அவன் பின்னால் ஓடுவார்களாம். இதைத் தேவியின் கருணைக்குச் சான்றாகப் படிப்பவர்களும் உண்டு, பெண் வசியத்துக்கு யந்திரம் எழுதி ஜபிப்பவர்களும் உண்டு. அந்த நூறு பெண்களிடம் யாராவது கேட்டார்களா என்று எனக்கு எப்போதும் ஒரு சந்தேகம்.

தமிழில்? நம் பெண்கள் என்ன செய்தார்கள்?

இதற்குத்தான் எனக்கு நிறையச் சொல்ல இருக்கிறது.

சங்கப் பாடல்களில் வெறியாட்டு என்று ஒன்று வரும். பெண் இளைக்கிறாள், வளை கழல்கிறது. அம்மா பயந்துபோய் முருகன் பூசாரியான வேலனை அழைக்கிறாள். அவன் கழங்கு உருட்டிப் பார்த்து, முருகு அணங்கியிருக்கிறது, அதாவது முருகன் பிடித்திருக்கிறான் என்று சொல்லி, ஆட்டை அறுத்து வெறியாடுகிறான். தோழிக்கு மட்டும் உண்மை தெரியும்: இது மலைநாட்டுக்காரன் ஒருவனால் வந்த நோய். நற்றிணையில் ஒரு தோழி முருகனையே பார்த்துச் சொல்கிறாள்: "கடவுள் ஆயினும் ஆக, மடவை மன்ற, வாழிய முருகே!" நீ கடவுளாகவே இருந்துகொள், ஆனால் நீ ஒரு மண்டூகம், வாழ்க! ஐங்குறுநூற்றில் வெறிப்பத்து என்று இதற்காகவே பத்துப் பாட்டு இருக்கிறது. மந்திரவாதியைக் கூப்பிடுவது அம்மாவின் வேலை. சிரிப்பது தோழியின் வேலை. காதலித்தவளோ மந்திரத்தின் பக்கமே போகவில்லை.

அடுத்தது கண்ணகி. கோவலன் மாதவியோடு இருக்கிறான். தோழி தேவந்தி வந்து, காவிரி கடலில் சேரும் இடத்தருகே சோமகுண்டம், சூரியகுண்டம் என்று இரண்டு துறைகள் இருக்கின்றன, அவற்றில் நீராடிக் காமவேள் கோட்டத்தைத் தொழுதால் கணவனோடு கூடி வாழலாம், வா போவோம் என்கிறாள். வசிய மருந்துகூட இல்லை, ஒரு நல்ல நேர்ச்சைதான். கண்ணகியின் பதில் இரண்டே சொல்: "பீடு அன்று." அது பெருமை இல்லை. அவ்வளவுதான். அவள் அப்படிச் சொல்லி வாய் மூடுவதற்குள் பணிப்பெண் வந்து, வாசலில் யாரோ நிற்கிறார் என்கிறாள். வந்தவன் கோவலன். அவன் வந்த பிறகு மதுரைக்குப் போய் என்ன ஆனார்கள் என்பது உங்களுக்கே தெரியும். ஆக, வராமலே இருந்திருக்கலாம் என்று நினைக்கிறவர்களில் நானும் ஒருத்தி.

ஆண்டாள் வேறு ஜாதகம். அவள் காமனைத் தொழுகிறாள், கூச்சமே இல்லாமல். தை மாதம் முழுக்கத் தரை மெழுகி, மாசி தொடக்கத்தில் நுண்மணல் பரப்பித் தெருவை அலங்கரித்து, வேங்கடவனோடு என்னைச் சேர்த்துவை என்று அனங்கனைக் கேட்கிறாள். மணலில் கண்ணை மூடிக்கொண்டு வட்டம் வரைகிற கூடல் குறியும் பார்க்கிறாள். இரண்டு முனையும் சேர்ந்தால் அவன் வருவான்: "கூடிடு கூடலே." ஆனால் கவனியுங்கள், இதெல்லாம் அவள் விரும்புகிறவன் கடவுள் என்பதால் நமக்கு இனிக்கிறது. மனிதனை நினைத்து ஒரு பெண் இதையே செய்தால் ஊர் அதற்கு வைக்கும் பெயர் வேறு.

ஆண்கள் தரப்பில் மடலேறுதல் இருந்தது. பனைமட்டைக் குதிரையில் ஏறி, எருக்கம்பூ சூடி, தெரு நடுவில் வந்து நின்று, இவள் இல்லாவிட்டால் செத்துப்போவேன் என்று ஊரைக் கூட்டுவது. அதை இலக்கியம் காதல் என்கிறது. இப்போது யாராவது செய்தால் மகளிர் காவல் நிலையத்தில்தான் முடியும்.

இசக்கியும் யட்சியும் ஒருத்தியா?

சொல்லளவில் ஒருத்தியே. வடமொழி யக்ஷி, பிராகிருத யக்கி, தமிழில் இயக்கி, பேச்சில் இசக்கி. சிலப்பதிகாரத்தில் மதுரைக்கு வெளியே "பூங்கண் இயக்கி"க்குப் பால்சோறு படைத்துவிட்டுத் திரும்பும் இடைச்சி மாதரிதான் கண்ணகிக்கு அடைக்கலம் கொடுக்கிறாள். அந்த இயக்கி பயமுறுத்தும் பேய் அல்ல. பெண்கள் போய்ப் பால் வைத்துக் கும்பிடும் ஒரு காவல் தெய்வம்.

நம் பகுதியில் இதற்குச் சமண வேர் உண்டு. மார்த்தாண்டத்துக்குப் பக்கத்தில் சிதறால் மலை இருக்கிறதல்லவா, பழைய பெயர் திருச்சாரணத்துமலை. பாறையில் தீர்த்தங்கரர்களோடு இயக்கியரும் செதுக்கப்பட்டிருக்கிறார்கள். ஆய் மன்னன் விக்கிரமாதித்த வரகுணன் காலத்து, அதாவது 9ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டு ஒன்று, குணந்தாங்கி குறத்திகள் என்ற பெண் துறவி அங்கிருந்த படாரியாருக்குப் பொன் கொடுத்ததைப் பதிவு செய்கிறது. பிற்காலத்தில் அதே இடம் பகவதி கோவில் ஆயிற்று. ஒரு பெண் தெய்வத்துக்கு ஒரு பெண் துறவி பொன் கொடுத்த இடம் அது என்பதை, ஞாயிற்றுக்கிழமை செல்ஃபி எடுக்க ஏறுகிறவர்கள் ஒரு நிமிடம் நினைத்துப் பார்க்கலாம்.

அந்த இயக்கியரில் அம்பிகையின் கதை முக்கியம். வீட்டில் திதிக்குச் சமைத்த சோற்றைப் பசியோடு வந்த சமண முனிவருக்குப் போட்டுவிட்டாள் என்று கணவன் அவளை விரட்டுகிறான். இரண்டு பிள்ளைகளோடு வெளியே போகிறாள். பின்னால் மனம் மாறிக் கணவன் தேடி வர, அடிக்கத்தான் வருகிறான் என்று பயந்து உயிரை விடுகிறாள், தெய்வமாகிறாள். அவன் அவளுக்கு வாகனமான சிங்கமாகிறான். இரண்டு பிள்ளைகளோடு இருக்கும் அம்பிகை சிலையையும், ஒன்றை இடுப்பிலும் ஒன்றை வாயிலும் வைத்திருக்கும் இசக்கி சிலையையும் அடுத்தடுத்துப் பார்த்தால் எனக்கு உடம்பு சிலிர்க்கும். இடையில் என்ன நடந்தது? பிள்ளையைக் காத்தவள் எப்போது பிள்ளையைக் கடிக்கிறவள் ஆனாள்?

நீலி கதை எங்கள் ஊரில் ஒரு மாதிரி, திருவனந்தபுரத்தில் வேறு மாதிரி சொல்கிறார்களே?

எங்கள் பக்கத்து வில்லுப்பாட்டில் கதை இப்படிப் போகும். கோவில் தாசியின் மகள் லட்சுமி. வேதியன் ஒருவன் அவளிடம் வந்து கையிலிருந்ததையெல்லாம் தொலைக்கிறான். பணம் தீர்ந்ததும் அவளுடைய தாய் அவனை வெளியே தள்ளுகிறாள். லட்சுமிக்கு மனசு கேட்கவில்லை, நகையோடு அவன் பின்னாலேயே ஓடுகிறாள். கள்ளிக்காட்டில் களைத்துப்போய் அவன் மடியில் தலைவைத்துத் தூங்குகிறாள். அவன் தலையைக் கீழே வைத்துக் கல்லைப் போடுகிறான், நகையை எடுத்துக்கொள்கிறான். சாகும்போது அவள் பக்கத்தில் நின்ற கள்ளியைச் சாட்சி வைக்கிறாள். அவனையும் பாம்பு கடிக்கிறது. தேடி வந்த அவளுடைய அண்ணனும் சாகிறான்.

அடுத்த பிறவியில் அவள் நீலி, அவன் ஆனந்தன் என்ற செட்டி. காட்டுவழியில் நீலி அழகியாக வந்து மறிக்கிறாள். அவனுக்குப் புரிந்துவிடுகிறது, ஓடுகிறான். அவள் கள்ளிக்கொம்பை ஒடித்துக் குழந்தையாக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு ஊர்ச் சபைக்குப் போகிறாள். "இவர் என் கணவர், என்னை விட்டுவிட்டு ஓடுகிறார்." அவன் பேய் பேய் என்று கதறுகிறான். சபை குழந்தையை இறக்கி விடச் சொல்கிறது. கள்ளிப் பிள்ளை தவழ்ந்து போய் "அப்பா" என்று அவன் மடியில் ஏறுகிறது. ஊர்ப் பெரியவர்கள் தீர்ப்புச் சொல்லி இருவரையும் ஒரே அறையில் விட்டுப் பூட்டுகிறார்கள். காலையில் கதவைத் திறந்தால் அவன் குடல் வெளியே கிடக்கிறது. வடக்கே திருவாலங்காட்டுப் பழையனூரிலும் இதே கதை உண்டு. அங்கே வாக்குக் கொடுத்த வேளாளர் எழுபது பேரும் தீயில் இறங்கினார்கள் என்று முடியும்.

மேற்கே போகப் போக முன்பாதி உதிர்ந்துவிடுகிறது. கேரளத்துக் கள்ளியங்காட்டு நீலி, பத்மநாபபுரத்திலிருந்து திருவனந்தபுரம் போகிற காட்டுவழியில் நிற்கிற அழகான யட்சி. சுண்ணாம்பு கேட்பாள், மாளிகைக்குக் கூட்டிப்போவாள், விடிந்தால் பனைமரத்தடியில் நகமும் முடியும்தான் மிச்சம். கடமற்றத்துக் கத்தனார் என்ற பாதிரியார் வந்து இரும்பாணியால் அவளை அடக்குகிறார். ஒரு கிழவி தலை வாரிவிடும்போது ஆணியைப் பார்த்துப் பிடுங்கிவிட, அவள் தப்புகிறாள். கடைசியில் பனையன்னார்காவில் குடியிருக்கச் சம்மதிக்கிறாள். கொட்டாரத்தில் சங்குண்ணி தன் கதைத் தொகுப்பான ஐதீகமாலையில் இந்தக் கதையை எழுதி வைத்ததால் அந்த வடிவமே பிரபலமாகிவிட்டது.

வித்தியாசம் புரிகிறதா? கிழக்கே அவளுக்கு முன்கதை இருக்கிறது: காதல், துரோகம், கல், கள்ளி. மேற்கே அவள் தொடக்கத்திலேயே பேய், அடக்க வேண்டிய அழகு. பெண்ணின் முன்கதையை வெட்டிவிட்டால் மிச்சம் இருப்பது வசியக்காரி மட்டும்தான்.

யட்சி ஏன் சுண்ணாம்பு கேட்கிறாள்?

வெற்றிலை போடுவது ஆணும் பெண்ணும் நெருங்குவதற்கான பழைய சாக்கு. இரவில், தனி வழியில், முன்பின் தெரியாத பெண் சுண்ணாம்பு கேட்டால் அது சுண்ணாம்பு பற்றிய பேச்சில்லை என்பது கேட்கிற எல்லோருக்கும் தெரியும். விளக்கு வைத்த பிறகு சுண்ணாம்பு கடன் கொடுக்காத வீடுகள் இன்னும் இருக்கின்றன. யட்சி பாலைமரத்தில் குடியிருப்பதாகச் சொல்வதற்கும் இப்படி எளிய காரணம்தான். ஏழிலைப்பாலை ஐப்பசி, கார்த்திகையில் பூக்கும், இரவில் வாசம் தலையைக் கிறுகிறுக்க வைக்கும். அந்த வாசத்தில் தனியாக நடந்து போனவனுக்கு யாரோ பக்கத்தில் வருவதுபோலத் தோன்றியிருந்தால் ஆச்சரியமில்லை.

காதலித்தவனைக் கொன்ற யட்சி மட்டும்தானா? காதலிக்காதவனைத் துரத்திய யட்சி இல்லையா?

இருக்கிறாள், காஞ்ஞிரோட்டு யட்சி. மார்த்தாண்டத்துக்கு அருகிலுள்ள காஞ்சிரகோட்டில் மங்கலத்து வீட்டு ஸ்ரீதேவி. திருவிதாங்கூர் மன்னர் மார்த்தாண்டவர்மாவுக்கு எதிரியான ராமன் தம்பிக்கு வேண்டியவள் என்று கதை சொல்லும். அவளுடைய மனசோ பல்லக்குத் தூக்குகிற குஞ்ஞுராமன் மேல். அவனுக்கு மனைவி உண்டு. ஸ்ரீதேவி அந்த மனைவியைக் கொல்லவைத்தாள், விஷயம் தெரிந்து அவன் இவளைக் கொன்றான், இவள் யட்சியாகி அவனைத் துரத்தினாள். கடைசியில் திருவனந்தபுரம் பத்மநாபசுவாமி கோவிலில் அடங்கிவிட்டாள் என்பார்கள். இதில் பணமும் அதிகாரமும் அவள் கையில் இருக்கின்றன, மறுக்கிறவன் ஒரு பல்லக்குத் தூக்கி. நீலிக்காக அழுகிற நான் இவளுக்காக அழுவதில்லை. வேண்டாம் என்றவனை விடாமல் பிடிப்பது, பிடிப்பவள் பெண் என்பதால் நியாயமாகிவிடாது.

கன்னி, தாய், கிழவி, மோகினி என்று பெண்மைக்குத் தொல்படிமங்கள் உண்டு, உங்களுக்குள் எந்தத் தேவி என்று கண்டுபிடியுங்கள் என்று வகுப்பு நடத்துகிறார்களே. நம் அம்மன்களுக்கு இது பொருந்துமா?

யுங் என்ற சுவிஸ் உளவியலாளர் தொல்படிமம் என்ற கருத்தைப் பரப்பினார், அவருக்குப் பின் வந்தவர்கள் பெண் தெய்வங்களைப் பெட்டி பெட்டியாக அடுக்கினார்கள். யோசிக்க உதவும் கருவிதான், குறை சொல்லவில்லை. ஆனால் நம் ஊர்ச் சாமிகள் பெட்டியில் அடங்க மாட்டார்கள்.

கன்னியாகுமரி அம்மனை எடுத்துக்கொள்ளுங்கள். சுசீந்திரத்து மாப்பிள்ளையான சிவன் நள்ளிரவில் புறப்பட்டு வருகிறார். நாரதர் சேவலாகக் கூவ, முகூர்த்தம் தப்பிவிட்டது என்று அவர் திரும்பிவிடுகிறார். கல்யாணத்துக்கு வைத்திருந்த அரிசியும் பருப்பும் மணலாயின. அதனால்தான் அங்கே மணல் பல நிறம். அவள் கன்னியாகவே நின்று பாணாசுரனைக் கொல்கிறாள். இவள் கன்னியா, போர்த்தெய்வமா, கைவிடப்பட்ட மணமகளா? மூன்றும்தான். மாப்பிள்ளை வராததற்காக அவள் ஆகர்ஷணம் செய்யவில்லை என்பதை மட்டும் குறித்துக்கொள்ளுங்கள்.

கண்ணகியும் அப்படித்தான். குமுளிக்கு மேலே மங்கலதேவி மலையில் சித்திரா பௌர்ணமி அன்று ஒரு நாள் மட்டும் சனங்கள் ஏற அனுமதி. அங்கே அவள் கற்புத்தெய்வம். திருவனந்தபுரம் ஆற்றுகாலில் தோற்றம்பாட்டு என்ற கோவில் பாட்டில் பாண்டியனைக் கொல்லும் பகவதி, அதே நேரம் பொங்கல் வைக்கிற பெண்களுக்கு அம்மா. 2009இல் அங்கே 25 லட்சம் பெண்கள் கூடினார்கள் என்று கின்னஸ் பதிவு இருக்கிறது.

பாலக்காட்டுப் பக்கம் போனால் மலம்புழை அணைத் தோட்டத்தில் கானாயி குஞ்ஞிராமன் 1969இல் செய்த யட்சி இருக்கிறாள். ஆடையில்லாமல், கால்களை அகட்டி உட்கார்ந்து, வானத்தைப் பார்க்கிறாள். அந்தக் காலத்தில் பெரிய சண்டை. இப்போது குடும்பத்தோடு முன்னால் நின்று படம் எடுத்துக்கொள்கிறார்கள். அவள் யாரையும் மயக்கவில்லை, கீழே நிற்பவர்களைப் பார்க்கவே இல்லை. எந்தப் பெட்டியில் போடுவீர்கள்?

மோகினியும் யட்சியும்?

வேறு வேறு. புராணத்து மோகினி திருமாலின் வேடம், வேலை முடிந்ததும் கலைந்துவிடும். ஊர் மோகினி, பேச்சி, யட்சி எல்லாம் கலையாதவர்கள், அவர்களுக்குப் பீடமும் கொடையும் வேண்டும்.

என் மகனுக்கு அவள் மருந்து வைத்துவிட்டாள், இல்லாவிட்டால் இப்படி மாறுவானா? கைவிஷம் உண்மையா?

இதை மாமியார்கள்தான் அதிகம் கேட்கிறார்கள். அடுத்த இடம் கணவனை இழந்துகொண்டிருக்கும் மனைவிகளுக்கு.

நம்பிக்கை இது: சோற்றிலோ பலகாரத்திலோ எதையோ கலந்து கொடுத்தால் அது வயிற்றில் ஒட்டிக்கொண்டு ஆளை மயக்கும். கேரளத்தில் சேர்த்தலைக்கு அருகே திருவிழா மகாதேவர் கோவிலில், மூலிகைச்சாறு கலந்த பாலைக் குடித்து வாந்தியெடுத்துக் கைவிஷத்தைக் கழிக்கிற சடங்கு இன்றும் நடக்கிறது. நம் ஊரிலிருந்தும் பஸ் ஏறிப் போகிறார்கள்.

ஒருவரைக் காதலிக்க வைக்கிற பொருள் எதுவும் இல்லை. ஆனால் உடம்பைக் கெடுக்கிற பொருள்கள் உண்டு, அவற்றை வசிய மருந்து என்று விற்கிறவர்களும் உண்டு. ஊமத்தை விதை கொடுத்தால் வாய் வறளும், கண்மணி விரியும், ஆள் உளறுவார், இல்லாததைப் பார்ப்பார். அதிகமானால் உயிர் போகும். அரளி நேராக இதயத்தைப் பிடிக்கும். பாதரசம் கலந்த பொடிகள் சிறுநீரகத்தைக் கெடுக்கும். யாராவது திடீரென்று இப்படி உளறினால் மந்திரவாதியிடம் போகாமல் ஆஸ்பத்திரிக்கு ஓடுங்கள், சாப்பிட்டது என்னவென்று மறைக்காமல் சொல்லுங்கள்.

மகாபாரதத்தில் வன பருவத்தில் சத்தியபாமா திரௌபதியிடம் இதையே கேட்கிறாள்: ஐந்து பேரும் உன் சொல் கேட்கிறார்களே, மந்திரமா, மருந்தா, விரதமா, எனக்கும் சொல்லித்தா. திரௌபதிக்குக் கோபம் வருகிறது. மனைவி மருந்து வைக்கிறாள் என்று தெரிந்த கணவன் வீட்டுக்குள் பாம்பு புகுந்தவன்போலக் கலங்குவான். இப்படி மருந்து வைத்தே சில பெண்கள் தங்கள் ஆண்களுக்கு வயிறு வீங்குகிற மகோதரமும் குஷ்டமும் வரவழைத்திருக்கிறார்கள் என்கிறாள். அப்புறம் அவள் சொல்லும் பதிவிரதை நாள்குறிப்பைப் படித்தால் எனக்குத் தூக்கம் வரும், அது வேறு விஷயம். மருந்தைப் பற்றி அவள் சொன்னது மருத்துவம்.

மாமியார்களுக்கு ஒன்று. உங்கள் மகனுக்கு முப்பது வயது. அவன் மனைவி சொல்வதைக் கேட்பதற்கு மருந்து தேவையில்லை. அவன் வேறொருத்தி பின்னால் போனாலும் அப்படித்தான். மருந்து வைத்துவிட்டாள் என்று சொல்லும் அந்த நொடியில் மகன் நிரபராதி ஆகிவிடுகிறான், குற்றம் முழுக்க இன்னொரு பெண் தலையில் விழுகிறது. ஆனந்தனும் சபையில் அதைத்தான் கத்தினான்.

ஒருவர் வயிற்றில் வாய்வைத்து உறிஞ்சி மருந்தை எடுத்துக் காட்டினார். கண்ணால் பார்த்தேன்.

நானும் பார்த்திருக்கிறேன், என் அத்தைக்கு எடுத்தபோது. கறுப்பாக, முடி சுற்றிய ஒரு உருண்டை. எடுப்பதற்கு முன்னால் அந்த ஆள் வெற்றிலை மென்றுகொண்டே இருந்தார். அத்தை அதைக் கவனிக்கவில்லை, நான் கவனித்தேன். வயிற்றுத் தோலில் ஓட்டை இல்லாமல் உள்ளே இருப்பது வெளியே வராது. அத்தைக்கு அன்று ராத்திரி நிம்மதியாகத் தூக்கம் வந்தது, அதுவும் உண்மைதான். அல்சர் என்று ஸ்கோப் போட்டுத் தெரிந்தது எட்டு மாதம் கழித்து.

கணவரைத் திரும்பக் கொண்டுவர ஆன்லைனில் ஒருவருக்குப் பணம் அனுப்பினேன். தகடு வந்தது, கணவர் வரவில்லை. பூஜை பாதியில் நின்றால் உயிருக்கு ஆபத்து, இன்னும் அனுப்பு என்கிறார். நான் கொடுத்த போட்டோக்களையும் வைத்திருக்கிறார்.

இன்னும் ஒரு ரூபாய்கூட அனுப்பாதீர்கள். பேசிய செய்திகள், பணம் அனுப்பிய ரசீதுகள், எண் எல்லாவற்றையும் அழிக்காமல் படமெடுத்து வைத்துக்கொள்ளுங்கள். 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணுக்கு உடனே அழையுங்கள். சீக்கிரம் சொன்னால் பணத்தை இடையில் நிறுத்த வாய்ப்பு உண்டு. மிரட்டலும் போட்டோவும் சேர்ந்தால் அது மோசடியோடு நிற்காது, மிரட்டிப் பணம் பறித்தலும் ஆகும். 2024 ஜூலை 1 முதல் இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாகப் பாரதிய நியாய சன்ஹிதா நடைமுறையில் இருக்கிறது. ஏமாற்றிப் பணம் வாங்குவது அதில் 318ஆம் பிரிவு. யாருக்காவது மயக்கப் பொருள் கொடுத்துத் தீங்கு செய்வது 123ஆம் பிரிவு, பத்து ஆண்டு வரை சிறை. எனவே அவர் அனுப்பிய பொடியைக் கணவருக்குக் கொடுத்துவிடாதீர்கள், மாட்டுவது நீங்களாக இருக்கும். வீட்டில் அடி, மிரட்டல் என்றால் 181 பெண்கள் உதவி எண்.

வெட்கமாக இருக்கிறது என்று எழுதுபவர்களுக்கு: படித்தவர்கள், சம்பாதிப்பவர்கள் எல்லோரும் இதில் விழுந்திருக்கிறார்கள். புருஷன் போன வீட்டில் ராத்திரி இரண்டு மணிக்கு போனைத் தடவினால் கண்ணில் படுவது இந்த விளம்பரம்தான்.

அப்படியானால் இசக்கியிடம் என்னதான் கேட்கலாம்? முப்பந்தலில் நேர்ந்துகொண்டால் கணவர் வருவாரா?

ஆரல்வாய்மொழிக் கணவாயில் காற்றாலைகளுக்கு நடுவில் இருக்கிறாள் அவள். மூவேந்தரும் பந்தல் போட்டுக் கூடிய இடம் என்பதால் முப்பந்தல் என்று ஊர்ப்பேச்சு. லாரிக்காரர்கள் நிறுத்திச் சூடம் ஏற்றிவிட்டுப் போவார்கள். பெண்கள் கேட்பது பெரும்பாலும் பிள்ளைதான். மரத்தொட்டில், பிள்ளை உருவம், வளையல், சிவப்புப் புடவை. கணவனைக் கட்டித் தா என்று கேட்பவர்களும் இருப்பார்கள். ஆனால் யாரிடம் கேட்கிறோம் என்று ஒரு தரம் யோசிக்க வேண்டும். காதலனை நம்பிக் காட்டுக்குள் போய்க் கல்லடி பட்டவளிடம் போய், ஓடிப்போனவனைத் திரும்பக் கொண்டுவா என்பதா?

சில வருஷத்துக்கு முன்னால் தோவாளைப் பக்கத்தில் ஒரு கொடை. வில்லுப்பாட்டு நள்ளிரவைத் தாண்டிப் போய்க்கொண்டிருந்தது. குடம், உடுக்கை, வில்லில் வீசுகோல் அடிக்கிற சத்தம். லட்சுமி தலைமேல் கல் விழுகிற இடம் வந்தது. முன்வரிசையில் உட்கார்ந்திருந்த பெண்கள் யாரும் அழவில்லை, அவர்களுக்குக் கதை தெரியும். என் பக்கத்தில் ஒரு ஆச்சி, எண்பது வயதுக்கு மேல் இருக்கும், வெற்றிலையை ஒதுக்கிக்கொண்டு சொன்னாள்: "அவளுக்காது சாட்சி சொல்ல ஒரு கள்ளி நின்னுச்சு மக்கா." அப்புறம் கடலைப் பொட்டலத்தைப் பிரித்து எனக்கும் கொஞ்சம் கொடுத்தாள். பாட்டு இரண்டாம் பிறவிக்குப் போனது.